பன்னிரண்டடிப் பயணம்

பின்னோக்கி நடப்பதில் மனித குலத்தில் எனக்கு நிகர் யாரும் இல்லை. தற்பெருமை இல்லை, தகவல்.

என் குறும்படங்களில் கதை கிடையாது. யாராவது நடந்து வருவார்கள். கேமராவோடு நான் பின்னோக்கிப் போய்க்கொண்டே இருப்பேன். அவ்வளவுதான்.

மற்ற கேமராக்காரர்கள் இடறி விழாமலிருக்க, அவர்கள் பேன்ட்டைப் பின்னாலிருந்து ஒருவன் பிடித்துக்கொண்டே நடப்பான். எங்கள் கல்லூரியில் அந்த வேலையைச் செய்பவனுக்கு 'வால்' என்று பெயர் வைத்ததே நான்தான். அடுத்தவன் இடுப்பைப் பிடித்தே பட்டம் வாங்கப்போகிறவன் என்று முகத்துக்கு நேராகவும் சொல்லியிருக்கிறேன்.

எனக்கு வால் தேவைப்பட்டதில்லை. ஒரு குப்பைத்தொட்டிமேல் விழுந்திருக்கிறேன், ஒரு சைக்கிள்மேல், ஒரு பேராசிரியர்மேல். ஷாட் ஆடியதில்லை.

நாலாவது படம், கட்டிலிலிருந்து ஜன்னல்வரை. பன்னிரண்டடி. கதாநாயகன் என் அப்பா.

முழங்கால் ஆபரேஷன் முடிந்து மூன்று வாரம். இந்த வாரமும் எழுந்து நடக்காவிட்டால் மூட்டு இப்படியே இறுகிவிடும் என்று பிசியோதெரபி அக்கா வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டே சொல்லிவிட்டுப் போனார். அப்பாவோ கட்டில் சட்டத்தை விடுவதாக இல்லை. படம் என்றால் எழுவார் என்பது என் நினைப்பு.

எழுந்தார்.

"விழுந்தா அதையும் எடுப்பியாடா?"

"அதாம்ப்பா க்ளைமாக்ஸ்."

ஓரடி வைத்தார். நான் ஓரடி பின்வாங்கினேன். இரண்டாவது அடியில் அவர் கை காற்றில் எதையோ தேடியது. ஃப்ரேமில் அது அவ்வளவு அழகாக இருந்தது. பொத்தென்று கட்டிலில் உட்கார்ந்துவிட்டார்.

அடுத்த டேக்கும் அதே கை, அதே பொத்து.

அதற்கடுத்த டேக்குக்கு எழவே இல்லை. சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார்.

மைக் பிடிக்க வந்திருந்த வால் என்னையே பார்த்தான். கேமராவை அவன் கையில் திணித்தேன்.

படத்தில் அப்பா தனியாகத்தான் நடந்து வருகிறார். ஒரே ஷாட், நான்கு நிமிடம். பாதி வழியில் மட்டும், கேமராவைப் பார்க்காமல், "டேய், இருக்கியா?" என்கிறார். ஜன்னல் கம்பியைத் தொடும்போது அந்த முகம் எனக்குத் தெரியாத ஒருவருடையது.

வால் ஒருமுறைகூட இடறவில்லை என்பது எரிச்சலான விஷயம்.

அப்பாவின் இடுப்போரத்தில் நான்கு விரல்கள் தெரிகின்றன. எடிட்டிங்கில் அழித்துவிடலாம். இரண்டு நிமிட வேலை.

எனக்குத்தான் இன்னும் நேரம் கிடைக்கவில்லை.