தறிச் சத்தம்

எல்லை பிரிந்து, நகரி ஆந்திராவிலேயே தங்கிவிட்ட வருஷம். நெசவுக் கூடத்தின் குறுக்கே மெல்லிய வேட்டி ஒன்றைத் திரையாகக் கட்டி, அந்த நெசவாளர் தெருவைப் பற்றித் தன் கைக்காசில் எடுத்த படத்தை ஓட்டிக்கொண்டிருந்தார் செங்கல்வராயன்.

மெட்ராஸிலிருந்து வந்திருந்த ஒலிப்பதிவாளர் ரங்கமன்னார் காதைத் தீட்டிக்கொண்டு முன்னால் சாய்ந்தார். படத்தில் நெசவாளி கன்னையா தறியின் மிதியை மிதித்ததும் ‘சடக்’. வெங்கடம்மா கயிற்றை இழுத்ததும் ‘சர்ர்’. இம்மி பிசகவில்லை.

“எந்த ஸ்டூடியோவுல சார் சத்தம் சேர்த்தீங்க? என்னாலகூட இப்படி முடியாது.”

“வாங்க, காட்டறேன்.”

செங்கல்வராயன் வேட்டியின் ஓரத்தை விலக்கினார்.

பின்னால் கன்னையா, வெங்கடம்மா, இன்னும் நாலைந்து பேர். துணியில் மறுபுறமும் தெரிந்த தங்கள் உருவத்தைப் பார்த்தபடியே, அதே வேகத்தில் நெய்துகொண்டிருந்தார்கள்.

“என்கிட்ட இருக்கறது ஊமைக் காமிரா சார். நேத்து அப்படியே போட்டேன், இவங்க பாதியில எழுந்து போயிட்டாங்க. இன்னிக்கு அவங்களாவே தறியில உக்காந்துட்டாங்க.”

“ஏம்மா?” என்றார் ரங்கமன்னார், மெதுவாக.

வெங்கடம்மா கையை நிறுத்தவில்லை.

“பின்ன இன்னா சாமி? எங்க தெருவுல சாவு வுழுந்தாத்தான் தறிச் சத்தம் நிக்கும். சத்தமில்லாம எங்களக் காட்டினா, தெருவே செத்துட்ட மாரி கீதே!”