மணிக்கட்டுத் தழும்பு

படம் முடிந்து கைதட்டல் ஓய்கிறது. சின்ன அரங்கின் கடைசி வரிசையில், உறுமிக்கொண்டிருக்கும் புரொஜெக்டர் பக்கத்தில் அவள் உட்கார்ந்திருக்கிறாள். கேமரா, ஒலி, எடிட்டிங் எல்லாம் அவள்தான். இன்றைக்குப் படத்தை ஓட்டுவதும் அவள்தான். மேடையில் இயக்குநர், அவளுடைய சொந்த அண்ணன், "தங்கச்சியும் கூடமாட ஒத்தாசையா இருந்தா" என்று சிரிக்கிறான். அவளுக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. முன்வரிசையில் ஓர் அம்மாள் எழுந்து, படத்தில் செத்துப்போன புருஷனின் சட்டையைக் கசக்கும் கதாநாயகியின் கையைப் பற்றிப் பேசுகிறாள். "கையே அழுதுச்சுங்க. அதுல அந்தத் தீத்தழும்பு வேற!" அண்ணன் பக்கத்தில் நிற்கும் கதாநாயகி கூச்சத்தோடு தலையைக் குனிந்து பாராட்டை வாங்கிக்கொள்கிறாள். அந்த ஷாட் எடுத்தபோது கதாநாயகி வீட்டுக்குப் போய்விட்டிருந்தாள். வலது கையில் கேமராவைப் பிடித்தபடி, இடது கையை ஃபிரேமுக்குள் நீட்டியது தங்கைதான். "தழும்பா? அது நான் யோசிச்சு வெச்ச மேக்கப்புங்க," என்கிறான் அண்ணன், நாக்கு கூசாமல். "பாப்பா, அந்த ஷாட்டை இன்னொரு தடவை போடு." போடுகிறாள். திரை முழுக்க அந்தக் கை உறைந்து நிற்கிறது. அவள் தண்ணீர் பாட்டிலோடு விறுவிறுவென்று நடந்து திரைக்கு முன்னால் வந்து நிற்கிறாள். வெளிச்சம் கண்ணில் அடிக்கிறது. படப்பிடிப்பில் விளக்கு சரிந்து சுட்ட இடது மணிக்கட்டில் தண்ணீரை ஊற்றி, தோல் சிவக்கச் சிவக்கத் தேய்க்கிறாள். மேடைப் பலகையில் தண்ணீர் சொட்டுகிறது. கையைத் தூக்கி, திரையில் இருக்கும் கைக்குப் பக்கத்தில் வைக்கிறாள்.

"போகவே மாட்டேங்குதேண்ணா, உன் மேக்கப்பு."