மூவாயிரம் சுற்று

லுசுங்குவைப் படுக்கவைத்து, மார்பிலும் முழங்காலிலும் பட்டை போட்டு இறுக்கிக் கட்டினார்கள். மேலே தார்ப்பாய் விழுந்தது. வெளிச்சம் போயிற்று.

“அசையாம கெட,” என்றாள் மாமியார் நியாசோகோ. “போய்ச் சேர்ற வரைக்கும் வாயத் திறக்காத.”

எங்கே போய்ச் சேருவது என்று அவள் சொல்லவில்லை. பிரசவ வலியைவிட அதுதான் லுசுங்குவைப் பயமுறுத்தியது.

சைக்கிளுக்குப் பின்னால் மாட்டிய ஆம்புலன்ஸ் வண்டி நகர்ந்தது. மிதிப்பவன் கொண்ட்வானி, பின்னாலிருந்து தள்ளுபவள் மாமியார். போவதற்கு இருப்பது ஒரே மண் சாலை. ஆறாவது கிலோமீட்டரில் ஆஸ்பத்திரி, அதையும் தாண்டிப் போனால் மருத்துவச்சியின் குடிசை.

முதல் பிள்ளை அந்தக் குடிசையில்தான் மூச்சில்லாமல் பிறந்தது. “என் ஏழும் அவ கையிலதான் பொறந்துச்சு” என்று இந்த முறையும் நியாசோகோ நச்சரித்துக்கொண்டே இருந்தாள். புருஷன் ஜோகன்னஸ்பர்க் சுரங்கத்தில். இங்கே ஏனென்று கேட்க நாதியில்லை.

கண்ணை மறைத்தால் என்ன, காது இருக்கிறதே. இடது சக்கரத்துக் கம்பியில், பிள்ளைகள் சத்தத்துக்காகக் கட்டுவார்களே, அந்த மாதிரி ஒரு பிளாஸ்டிக் துண்டு இருந்தது. சுற்றுக்கு ஒரு தரம் அது ‘டப்’ என்று அடித்தது.

லுசுங்கு கணக்கு டீச்சர். போன பருவத்தில் இதே வண்டியைப் பள்ளிக்குக் கொண்டுவரச் சொல்லி, சக்கரத்தைச் சுற்றி நூல் பிடித்து வகுப்புக்கு அளந்து காட்டியவள். ஒரு சுற்றுக்கு இரண்டு மீட்டர். அப்படியானால் மூவாயிரம் டப்புக்கு ஆஸ்பத்திரி வந்தாக வேண்டும்.

எண்ண ஆரம்பித்தாள். வண்டி இடப்பக்கம் சாய்ந்தே ஓடியது, சாலையின் லட்சணம் அப்படி. வலி வந்தபோதெல்லாம் பல்லைக் கடித்துக்கொண்டு எண்ணினாள்.

மூவாயிரம் ஆயிற்று. வண்டி நிற்கவில்லை.

“அத்தை, ஆஸ்பத்திரி வந்துடுச்சா?”

“வரும், வரும். பேசாம படு.”

எங்காவது தப்பாக எண்ணியிருப்போம் என்று தனக்கே சலுகை கொடுத்து, இன்னும் முந்நூறு எண்ணினாள். சக்கரம் பாட்டுக்கு டப், டப் என்று போய்க்கொண்டிருந்தது.

“கொண்ட்வானி, ஆஸ்பத்திரி எங்கடா?”

“இன்னும் ஒரு கிலோமீட்டர்தான் டீச்சர்.”

“புளுகாத. அதைத் தாண்டியாச்சு. எனக்குக் கணக்குத் தெரியும்.”

“வலியில என்னமோ உளர்றா,” என்றாள் நியாசோகோ. “நீ மிதிப்பா.”

ஒரு பிள்ளையைப் பறிகொடுத்தது போதும் என்று நினைத்தாள் லுசுங்கு. மேட்டில் வண்டி ஊர, மாமியார் தலையைக் குனிந்து தள்ளிக்கொண்டிருந்தபோது பட்டைகளைத் தளர்த்தி, தார்ப்பாய்க்கு அடியில் நழுவிச் சரிந்து, சாலையோர மக்காச்சோளத்துக்குள் தவழ்ந்தாள். பின்னால் இருவரும் பெயர் சொல்லிக் கத்தினார்கள். மேல்துணியை வாயில் திணித்துக்கொண்டு கிடந்தாள்.

வலி அவளைக் காட்டிக்கொடுத்துவிட்டது. அலறல் கேட்டு நியாசோகோ ஓடி வந்தபோது குழந்தையின் தலை வெளியே தெரிந்தது. அதற்குமேல் பிள்ளை யாரையும் கேட்டுக்கொண்டிருக்கவில்லை.

இடுப்புத் துணியை அவிழ்த்து விரித்து ஏந்தினாள் நியாசோகோ. குழந்தை அழவில்லை. தலைகீழாகப் பிடித்து முதுகைத் தேய்த்தாள், மறுபடியும் தேய்த்தாள். லுசுங்கு கண்ணை மூடிக்கொண்டாள்.

பிறகு ஒரு வீறல் கேட்டது.

“ஏன்டி இப்படிப் பண்ணுன?” என்று ஓவென்று அழுதாள் மாமியார். “இதுவும் போயிருந்தா நான் என்னடி பண்ணுவேன்?”

“நீங்கதான் ஆஸ்பத்திரியத் தாண்டி அந்தக் குடிசைக்குக் கொண்டு போனீங்க. நான் சக்கரத்தை எண்ணிட்டுத்தான் வந்தேன். சுத்துக்கு ரெண்டு மீட்டர்.”

சாலையோரத்தில் முதுகைக் காட்டி நின்றிருந்த கொண்ட்வானி தொண்டையைக் கனைத்தான்.

“அந்த இடது சக்கரம் காலையில உடைஞ்சிருச்சு டீச்சர். எப்படியாவது ஆஸ்பத்திரிக்குப் போயாகணும்னு, இவங்கதான் பேத்தியோட குட்டி சைக்கிளைக் கழட்டி, சின்னச் சக்கரத்தை மாட்ட வெச்சாங்க.”