தலைவர் படத்துக்குக் கீழே

காத்திவாக்கம் குப்பத்தில் வருஷா வருஷம் நினைவஞ்சலி நடக்கும். கடலில் செத்துப்போனவர்கள் அன்று சாயங்காலம் கரையேறி, பேனரில் அவரவர் படத்துக்குக் கீழே போட்ட நாற்காலியில் உட்கார்ந்து, வீட்டார் வைக்கும் மீன்குழம்புச் சோற்றைச் சாப்பிடுவார்கள். கற்பூரம் அணைந்ததும் திரும்பிப் போவார்கள். பசியோடு போனவர் மறுபடி வருவதில்லை. இதில் யாருக்கும் பயமில்லை. நாற்காலி நனைகிறதென்று பந்தல்காரர் மட்டும் முணுமுணுப்பார்.

இந்த வருஷம் பேனர், மீனவர் சங்கத் தலைவர் தனகோடி உபயம். புதிதாகச் செத்த தேசப்பனின் படத்துக்கு விட்டிருந்த இடத்தில் தலைவரே கைகூப்பிக்கொண்டிருந்தார்.

"எங்க வூட்டுக்காரரு எங்க குந்துவாரு, நைனா?" என்றாள் தேசப்பன் மனைவி மோகனா, தட்டும் கையுமாக.

"ஓரமா நிக்கட்டும்மா. நான் பேச வேணாமா?" என்று தன் படத்துக்குக் கீழிருந்த நாற்காலியில் அமர்ந்து மைக்கைப் பிடித்தார் தலைவர்.

தேசப்பன் வந்தார். சட்டை சொட்டச் சொட்டப் பேனரில் தன்னைத் தேடிவிட்டு ஓரமாக நின்றார். சோறு ஆறியது.

கற்பூரம் அணைந்தது. படங்களுக்குக் கீழே இருந்தவர்கள் எழுந்து கடலுக்குள் நடந்தார்கள். தலைவரும் எழுந்து, பேச்சை நிறுத்தாமல், அவர்களோடு நடந்தார். கூட்டம் வழக்கம்போலக் கைதட்டியது.

தேசப்பன் போகவில்லை. மோகனா வீட்டுக்குக் கூட்டிப்போய்ச் சோறு போட்டாள்.

"இன்னாய்யா, தொடைக்கத் தொடைக்க ஈரமாவே கீறே?"

அவர் குழம்பை வழித்துச் சாப்பிட்டார். தண்ணீர் வாசற்படி வரை ஓடியது. வெளியே மைக்செட்காரர் ஒயரை எப்போதோ பிடுங்கிவிட்டார். ஆனாலும் ஸ்பீக்கரில், தண்ணீர் கொப்பளிக்கும் சத்தத்தினூடே, தலைவர் சொல்லிக்கொண்டிருந்தார்: "இறுதியாக ஒன்றே ஒன்று..."