மூன்றாவது பென் டிரைவ்

"அந்த ஆளோட போன் எங்கம்மா?" என்றார் சைபர் போலீஸ் எழுத்தர்.

"சுத்தியலால நொறுக்கிட்டேன் சார். பழைய இரும்புக்காரன்கூட எடைக்கு வாங்க மாட்டான்," என்றாள் தாய். "மக குளிக்கிறதைப் படமெடுத்து மிரட்டினா விட்டுவைப்பேனா? இனி அவன்கிட்ட ஒண்ணும் இல்ல. அவளுக்கு அனுப்பினது மட்டும் இதோ, அவ போன்ல இருக்கு."

"பலே!" என்றவர், புகாரில் கையெழுத்து வாங்கிக்கொண்டு, அந்த வீடியோவை மூன்று பென் டிரைவ்களில் ஏற்றினார்.

"கோர்ட்டுக்கு ஒண்ணு, லேபுக்கு ஒண்ணு."

தாய்க்குக் கணக்கு உதைத்தது. "மூணாவது?"

"அவனுக்குத்தான். தன்மேல என்ன ஆதாரம் இருக்குன்னு எதிராளி பார்க்க வேண்டாமா? சட்டம்மா."

அவள் பாய்ந்து மகளின் போனைப் பிடித்தாள்.

எழுத்தர் அவள் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தார். "விடுங்கம்மா. இது இப்ப கேஸ் சொத்து."