சூரத்து மோர்க்குழம்பு

"மோர்க்குழம்புல வெல்லமாடி போடற?"

தனகோடி போட்ட சத்தத்தில் பக்கத்து வீட்டுத் தறி நின்றுபோனது. அங்கே நெய்துகொண்டிருந்த பட்டுப்புடவையின் பார்டர் அந்த இடத்தில் ஒரு விரற்கடை கோணிக்கொண்டதாகவும், கடைக்காரர் அதையே புது டிசைன் என்று வாங்கிக்கொண்டதாகவும் ஆரணியில் ஒரு பேச்சு உண்டு.

அவர் மனைவி சாவித்திரி திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. கடலை மாவு கரைத்த மோரில் வெல்லத்தைத் தட்டிப் போட்டாள்.

"சூரத்துல அப்பிடித்தான் செய்வாங்களாம். இத்த நம்ம பொங்கல்ல ஊத்திக் கிளறப் போறேன். பதினோரு மணிக்கு மாப்ள வூட்டுக்காரங்க அஞ்சு பேரு வராங்க. பேஜார் பண்ணாம தள்ளுங்க."

"எவன்டி மாப்ள? பதினோரு மணி இன்னா நேரம், டிபனா சாப்பாடா?"

"ரெண்டுக்கும் நடுவுல. அதுக்கு பிரஞ்ச்னு பேராம், பரிமளா சொன்னா."

"ரெண்டுங்கெட்டான் நேரத்துல ரெண்டுங்கெட்டான் சோறு!"

சென்னையில் தன்னோடு வேலை பார்க்கும் சூரத்துப் பையனைத்தான் கட்டிக்கொள்வேன் என்று மகள் பரிமளா சொன்னதிலிருந்து மூன்று நாளாக இதே கொதிப்பு. தெருவில் தறிக்கான பாவு நூலை நீட்டியிருந்த நேரத்தில், பத்துப் பேர் காதுபடச் சபதமே போட்டிருந்தார் தனகோடி. "அவ அந்தப் பையன மறக்கற வரைக்கும் ஒரு பருக்க தொடமாட்டேன். தொட்டேன்னா நானே நின்னு தட்டு மாத்தறேன்!"

அன்றிலிருந்து மோர் மட்டும்தான். மோர் ஆகாரத்தில் சேராது என்பது அவர் கட்சி.

"வரட்டும், வாசல்லயே நிக்க வச்சு கேக்கறேன்" என்று அடுப்படிக்குள் வந்தவர், பொங்கல் குண்டானைப் பார்த்ததும் இன்னொரு தரம் வெடித்தார். "ஆழாக்கு அரிசிதான் போட்ட போலக்குது! அஞ்சு பேருக்கு இது எந்த மூலைக்குடி?"

"உங்க கோவத்துல பாதிய இதுல போடுங்க, பொங்கி வரும்."

சொல்லிக்கொண்டே மோர்க்குழம்பைப் பொங்கலில் கவிழ்த்தாள். எல்லாம் சேர்ந்து தண்ணீராக ஓடியது.

பாவுக்குப் போடுகிற கஞ்சியை இரண்டு விரலால் தேய்த்தே பதம் சொல்லிவிடுவார் தனகோடி. தெருவே அதற்கு அவரைத்தான் கூப்பிடும். பதம் தப்பிய ஒன்றைப் பார்த்துக்கொண்டு சும்மா நிற்பது மட்டும் அவரால் ஆகாத காரியம்.

"இன்னாடி இது, ஓடுது!" விரலால் தொட்டுத் தேய்த்தார். தேய்த்த விரல் வாய்க்குப் போனது. "தூ! உப்பே இல்ல!"

"சரியா பாத்துச் சொல்லுங்க. உப்பு பாக்கறது சாப்பாட்டுல சேராது."

அவருக்கும் அது நியாயமாகவே பட்டது.

உப்பைப் போட்டு ஒரு கரண்டி பார்த்தார். தித்திப்பு தூக்கலாக இருந்தது. திட்டிக்கொண்டே மிளகைப் பொடித்துப் போட்டு இன்னொரு கரண்டி. "சூரத்துக்காரன் எதிர்ல என் மானத்த வாங்கப் பாக்கற!" என்று அடுப்பைத் தூண்டி, நெய்யை ஊற்றிக் கிளறி, கெட்டியானதா என்று பார்க்க இரண்டு கரண்டி. பையனுக்கு ஒரு வசவு, ஒரு கரண்டி. அவனைப் பெற்றவனுக்கு ஒரு வசவு, ஒரு கரண்டி. கண்ணால் கண்டிராத சித்தப்பன் பெரியப்பன் வரைக்கும் ஒருத்தரையும் விடவில்லை.

"இப்ப சரியா வந்துச்சுங்களா?"

"எங்க வந்துச்சு? இன்னும் ஒரு பதம் பாக்கி" என்று கரண்டியை விட்டார். குண்டானின் அடி கர்ரென்று உரசியது.

தனகோடி உள்ளே எட்டிப் பார்த்தார்.

"ஐயையோ! வரவங்களுக்கு இன்னாடி வப்ப? ஜல்தியா இன்னொரு உலை வையி!"

சாவித்திரி அடுப்பை அணைத்தாள். முந்தானையில் நிதானமாகக் கையைத் துடைத்துக்கொண்டு, கூடத்துப் பக்கம் குரல் கொடுத்தாள்.

"பரிமளா! சூரத்துக்குப் போன் போட்டு இனிமே டிக்கெட் எடுக்கச் சொல்லு, அப்பா சாப்ட்டாரு!"