ஹெல்மெட் போட்ட பேட்டி

"பேசினது போதும்! ஆளுக்கொரு கட்டையை எடுத்துக்கிட்டுத் தெருவுல இறங்குங்கடா!"

சூறாவளி போட்ட பதிவுக்கு ஐந்தே நிமிடத்தில் முந்நூறு லைக். குஷி தாங்காமல் போனை மேசையில் போட்டுவிட்டு, ஈரத் தலையில் சுற்றியிருந்த துண்டை அவிழ்த்தாள் சூறாவளி.

ஆமாம், அவள்தான்! கரப்பான்பூச்சியைப் பார்த்தால் கட்டில்மேல் ஏறி நிற்கிற ஆவணப்பட இயக்குநர். இணையத்தில் அந்நியர்களை அடித்து விரட்டச் சொல்லும் 'மண் காக்கும் படை' பற்றிப் படமெடுக்க, ஒன்றரை வருஷமாக 'சூறாவளி' என்ற பெயரில், ஆண் மாதிரி அந்தக் குரூப்பில் ஒட்டிக்கொண்டிருக்கிறாள்.

"ஏம்மா, இப்படியா எழுதுவ?" என்றான் கேமராவைத் துடைத்துக்கொண்டிருந்த கணவன். படத்தின் ஒளிப்பதிவாளரும் அவன்தான்.

"அவங்களவிட ஒரு படி மேல கத்தினாத்தான் நம்புவாங்க. நீங்க லைட்டைக் கவனிங்க."

படையின் தலைவனே இன்று பேட்டிக்கு வருகிறான். அவள் தன் சொந்தப் பெயரில் எழுதிக் கேட்டு நாலு மாதம் ஆகிறது. நேற்றுதான் சரி என்றான். இவன் பேசாவிட்டால் படமே வேண்டாம் என்று டிவிக்காரர்கள் கறாராகச் சொல்லிவிட்டார்கள். ஒன்றரை வருஷ உழைப்பும் அம்போதான்.

அழைப்பு மணி அடித்தது.

வந்த ஆசாமி ஹெல்மெட்டோடு உள்ளே நுழைந்தார், ஹெல்மெட்டோடு உட்கார்ந்தார், ஹெல்மெட்டோடு தண்ணீர் குடிக்கப் பார்த்துச் சட்டையை நனைத்துக்கொண்டார். இவரா தலைவர் என்று அவள் கணவனைப் பார்த்தாள்.

"சார், அதைக் கழட்டிடுங்க. குடத்துக்குள்ள இருந்து பேசுற மாதிரி கேக்குது," என்றான் அவன்.

"ஐயய்யோ! முகம் தெரிஞ்சா நான் தொலைஞ்சேன்!"

"வெறும் நிழலாத்தான் தெரியும் சார். போலீஸ் கண்டுபிடிக்காது."

"போலீஸுக்கு யாரு சார் பயந்தா? வந்தா கட்டிப்பிடிச்சு அழுவேன்!" ஹெல்மெட் கிடுகிடுவென ஆடியது. "என் கண்ணாடிக் கடையில பொழுது போகாம ஆரம்பிச்ச குரூப்புங்க. புத்தி வந்து இழுத்து மூடப் பாத்தேன், ஒருத்தன் விடல. மொத்தக் கூட்டமும் அவன் பேச்சுக்குத்தான் ஆடுது. நான் பேருக்குத்தான் தலைவன்."

அவளுக்குத் தலைகால் புரியவில்லை. நிஜத் தலைவன் வேறொருத்தன்! எந்த டிவிக்கும் கிடைக்காத சேதி, தானாக வந்து மடியில் விழுந்திருக்கிறது.

"யாரு சார் அவன்? பேரை மட்டும் சொல்லுங்க, மிச்சத்தை நான் பாத்துக்கறேன்! அவனை உலகத்துக்கே காட்டிடறேன்!"

அவர் கதவைப் பார்த்தார், ஜன்னலைப் பார்த்தார். மெதுவாகக் குனிந்து கிசுகிசுத்தார்.

"சூறாவளி."

கணவன் கேமராவிலிருந்து தலையை நிமிர்த்தினான்.

"ஏம்மா, கேமராவை எந்தப் பக்கம் திருப்பட்டும்?"